வவுச்சர் எண் 117

தானப்ப முதலி தெருவில் ஒரு மாடி.
ஒன்றரை வருடம் கணக்கெழுதினேன்
ஒச்சப்பன் பிக்சர்ஸுக்கு.
ஒரே மேசை. ஒரு காலை முட்டுக்கொடுத்தால்
இன்னொரு கால் ஆடும்.
முதலாளி உடம்பும் அப்படித்தான்:
இடது முட்டியை மடக்கினால்
வலது தோளில் டக்கென்று கேட்கும்.

கண்ணாடி ஒச்சப்பன் என்றால்
கோடம்பாக்கத்தில் தெரியும்.
பதினாறு வருடம்
பெரிய முகங்களுக்கு முதுகாக இருந்தவர்.
முகம் தெரியாமல் விழு என்பார்கள்.
விழுந்தார்.
கருமாத்தூர் கொட்டகையில் படம் பார்த்த ஆத்தா
"இதுல நீ எங்கனடா இருக்க?" என்று கேட்டதற்கு
"முதுகப் பாருத்தா" என்றாராம்.

கீழமாசி வீதிப் புளிமண்டியில் மூணு வட்டிக்குப் பணம்.
நோட்டெல்லாம் புளி வாசம்.
ஏன் அண்ணே படம் எடுக்கறீங்க என்று
ஒருநாள் கேட்டுவிட்டேன்.
டீயை ஆற்றிக்கொண்டிருந்தவர்
ஆற்றிக்கொண்டே இருந்தார்.

அப்பன்திருப்பதி தாண்டி ஒரு ரைஸ்மில்.
கிளைமாக்ஸ்.
மாடி ஜன்னலை உடைத்துக்கொண்டு
ஹீரோ உமிக்குவியலில் விழ வேண்டும்.
மாரட்டு வீதியிலிருந்து நிஜக் கண்ணாடி
மூன்று, வைக்கோல் சுற்றி, மாட்டுவண்டியில்.
குதிக்க வந்த பையன் தேவசகாயம்.
கையில் கல்யாணக் காப்பு அவிழ்க்கவில்லை.
அவனை மேலும் கீழும் பார்த்துவிட்டு
இட்லி வாங்கிக் கொடுத்து
மெட்ராஸ் பஸ்ஸில் ஏற்றிவிட்டார்.
அது வவுச்சர் 116.

அடுத்ததை நிரப்பச் சொன்னார்.
"எவ்வளவுண்ணே?"
"எண்ணூறு கேக்குறான்."
"யாரு?"
"நான்தான்."
ஒரு பீடி முடியும்வரை யோசித்தார்.
"ஐநூறுன்னு போடு. கம்பெனி தாங்காது."
கொஞ்ச நேரம் கழித்து
"சரி, அறுநூறு. பாவம், வயசாளி."
கொடுத்தவர் ஒச்சப்பன்.
பெற்றுக்கொண்டவர் ஒச்சப்பன்.
ரெவின்யூ ஸ்டாம்பை நாக்கில் தடவி அவரே ஒட்டினார்.
பணம் மட்டும் அப்புறம் என்றார்.

குதித்தார்.
உமி பறந்து அடங்குவதற்குள்
கேமராமேன் உதட்டைப் பிதுக்கினார்:
முகம் தெரிஞ்சிடுச்சுண்ணே.
சட்டை தோளில் ஒட்டிச் சிவந்துகொண்டிருந்தது.
வேண்டாமென்று சொல்ல
அங்கே ஒரு முதலாளி இருந்திருக்கலாம்,
இல்லாவிட்டால் ஒரு ஸ்டண்ட்காரர்.
இருவரும் ஒரே நேரத்தில் கேட்டார்கள்:
"இன்னொரு கண்ணாடி இருக்குல்ல?"

பெரியாஸ்பத்திரியில் பதினொரு தையல்.
அது தனி வவுச்சர்.

படம் மதுரையில் ஒன்பது நாள்.
ஐந்தாம் நாள் மேட்னியில்
தலை எண்ணினேன், நாற்பத்து மூன்று,
எங்கள் இரண்டையும் சேர்த்து.
ஜன்னல் உடைந்தது.
முன்வரிசையில் எவனோ எழுந்து
ஹீரோ பேரைச் சொல்லிக் கத்தினான்.
பக்கத்தில் ஒரு விசில்,
காதைக் கிழிப்பது மாதிரி.
திரும்பிப் பார்த்தேன்.
இரண்டு விரலும் இன்னும் வாயிலிருந்தது அண்ணனுக்கு.

நிலம் போனது. மேசை போனது.
லைட்பாய் பேட்டா வரைக்கும் பைசல்.
117 மட்டும் நின்றுவிட்டது.
நாற்பத்தொன்பது வயதில்
திரும்பவும் விழப் போனார்,
அடுத்தவர்களின் படங்களில், பஸ் ஏறி.

நான் இப்போது
யானைக்கல்லில் ஒரு பழக்கமிஷன் கடையில் எழுதுகிறேன்.
போன ஆடியில் வந்தார்.
வாழைத்தார்களுக்கு நடுவே நின்று
தீப்பெட்டியைத் திறந்து காட்டினார்.
அரிசி நொய் அளவுக்கு
ஒரு சில்லு.
"தோள்ல அரிச்சிக்கிட்டே இருந்துச்சு.
நேத்துக் குளிக்கும்போது தானா வந்துருச்சு.
கம்பெனி சாமான்டா. வரவுல எழுதிக்க."

சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.
பழைய பேரேட்டை வீட்டில் தேடி எடுத்தேன்.
பேனா மூடியைக் கழற்றிவிட்டேன்.
எந்தத் தலைப்பில் என்றுதான்
தெரியவில்லை.